வாயால் கெட்ட வாத்து

கார்ட்டூன் என்றாலே பிள்ளைகளுக்கு மட்டும் என்பவர்களுக்கு நான் பரிந்துரைப்பது 1951இல் வெளிவந்த ‘ரேபிட் ஃபயர்’. சக் ஜோன்ஸ் இயக்கிய ஏறக்குறைய ஏழு நிமிடப் படம்.

எல்மர் ஃபட் துப்பாக்கியோடு முயல் வேட்டைக்கு வருகிறார். டாஃபி வாத்து பொய்க் காலடித் தடங்களைப் பதித்து, அவரை பக்ஸ் பன்னி முயலின் வளைக்கே கொண்டுபோய் விடுகிறது. இது வாத்து வேட்டைக் காலம் என்கிறது முயல். இல்லை, முயல் வேட்டைக் காலம் என்கிறது வாத்து. வாதம் சூடேறியதும் முயல் சட்டென்று பேச்சை மாற்றி, முயல் காலம் என்கிறது. மறுத்தே பழகிய வாத்து, வாத்துக் காலம்தான், சுடு என்று கத்துகிறது. சுடுகிறார் எல்மர். கருகி நிற்கிறது வாத்து.

வேட்டைக்காரரும் தப்பவில்லை. மரத்தில் ஒட்டிய அறிவிப்புகளைக் கிழிக்கக் கிழிக்க, கடைசியில் வருவது ‘எல்மர் வேட்டைக் காலம்’!

சிரித்து முடித்ததும் எனக்கு நம் வாக்குவாதங்கள்தாம் நினைவுக்கு வரும். குடும்பத்திலும் சங்கக் கூட்டத்திலும் எதிராளியை மறுப்பதே குறியாகிவிட்டால், நம் நியாயம் நமக்கே மறந்துபோகும். பிறகு அவருக்கு வேண்டியதை நம் வாயே சொல்லிவிடும். குரலை உயர்த்துமுன், நான் எதற்காகப் பேச வந்தேன் என்று ஒரு கணம் கேட்டுக்கொண்டால் போதும், அலகு தப்பும்.