மாதச் சிந்தனை: இருமொழிப் பாடகர்



சாலைக் கடைவீதியிலும் கரமனைத் தெருக்களிலும் நம் பிள்ளைகள் பேசும் தமிழில் மலையாளம் கலந்திருப்பதைக் கேட்டு வருந்தும் பெற்றோர் பலர். அவர்களுக்கு ஓர் இசைவாணரின் வரலாற்றைக் கூற விழைகின்றேன்.

'அப்பாச்சி இந்தியன்' எனப் புகழ்பெற்ற ஸ்டீவன் கபூர், 1967இல் இங்கிலாந்தின் பர்மிங்காம் நகரில் பஞ்சாபிக் குடும்பத்தில் பிறந்தவர். அவர் வளர்ந்த ஹாண்ட்ஸ்வொர்த் பகுதியில் ஜமெய்க்காவிலிருந்து குடியேறியோர் மிகுதி. அவர்தம் ரெகே இசை இவ்விளைஞரின் உள்ளத்தைக் கவர்ந்தது. பற்றவைப்புத் தொழிலாளியாயிருந்த அவர் பாடகரானார். 1990இல் வெளிவந்த முதல் இசைத்தட்டிலேயே ரெகேயையும் பஞ்சாபி இசை மரபையும் இணைத்தார்.

1993இல் அவரது 'பூம் ஷாக் அ லாக்' பிரித்தானிய விற்பனைப் பட்டியலில் 5ஆம் இடம் பெற்றது. அவ்வாண்டே, பெற்றோர் பெண் பார்த்து மணமுடிக்கும் நம் நாட்டு வழக்கத்தையும் ரெகே தாளத்தில் பாடினார். 1996இல் ஏ. ஆர். ரகுமான் இசையமைத்த 'லவ் பேர்ட்ஸ்' தமிழ்ப் படத்திலும் அவர் குரல் ஒலித்தது.

இதனால் நாம் அறிவது யாது? அயலார் பேச்சு அவருடைய வீட்டு மொழியை அழித்துவிடவில்லை. பாட்டில் கலப்பதற்குப் பஞ்சாபிச் சொற்கள் அவர் நாவில் இருந்தன. மலையாளம் நம்மை வாழவைக்கும் மண்ணின் மொழி. அதனைப் பிள்ளைகள் நன்கு பேசட்டும். அஞ்சத்தக்கது மொழிக்கலப்பு அன்று. கலப்பதற்குத் தமிழே இல்லாது போதல். ஆதலின், பிழை கண்டு நகைப்பதை விடுத்து, இரவு உணவு வேளையிலேனும் அவர்களோடு தமிழில் உரையாடுவோமாக.