மரத்துப் பாலில் பிறக்கும் முகம்!

2024-ஆம் ஆண்டு செப்டம்பர் 5-ந் தேதி "கோட்" என்ற தமிழ்ப் படம் வெளிவந்தது.

அதில் 50 வயது விஜய், மீசை அரும்பிய வாலிபனாகவும் தோன்றினார். அந்த வாலிப முகத்தை ஒப்பனைக்காரர் உண்டாக்கவில்லை. அமெரிக்காவில் உள்ள லோலா என்ற நிறுவனம், கம்ப்யூட்டர் மூலம் அவருடைய வயதைக் குறைத்தது.

அதே படத்தில் விஜயகாந்தும் வந்தார். அவர் 2023 டிசம்பரிலேயே காலமாகிவிட்டவர்! செயற்கை அறிவு என்னும் புதிய வித்தை அவர் முகத்தைத் திரைக்குக் கொண்டுவந்தது.

இனிமேல் ஒப்பனைக்காரர்களுக்கு வேலை இருக்குமா? கிழவன் முகம், பேய் முகம், வெட்டுக் காயம் இவற்றை எல்லாம் ரப்பரில் செய்து ஒட்டும் கலை பிழைக்குமா? சினிமா உலகம் இப்படிக் கேட்கிறது.

வேடிக்கை என்னவென்றால், ஸ்டுடியோவில் ரப்பருக்குப் போட்டி வந்திருக்கும் இதே காலத்தில், அது வீட்டுக்குள் நுழைந்துவிட்டது. ஒரு காலத்தில் ஒப்பனை அறையில் மட்டும் இருந்த திரவ ரப்பர், இப்போது சின்னப் பாட்டிலில் அடைத்து, இணையக் கடை மூலம் வீட்டு வாசலுக்கே வருகிறது. செல்போனில் படம் பிடிக்கும் பிள்ளைகள் அதை வாங்கி முகத்தில் பூசிக்கொள்கிறார்கள்.

கம்ப்யூட்டரைப் பற்றிச் சினிமாக்காரர்கள் கவலைப்படட்டும். தாய்மார்களும் தகப்பன்மார்களும் கவனிக்க வேண்டியது அந்தப் பாட்டிலைத்தான்.

மலைக்கு அப்பால்

அந்தப் பாட்டிலில் இருப்பது என்ன?

பால். மாட்டுப் பால் அல்ல, மரத்துப் பால். ரப்பர் மரத்தில் இருந்து வடியும் பால். ஆங்கிலத்தில் அதை லேடெக்ஸ் என்பார்கள்.

கம்பம் பள்ளத்தாக்கில் இருப்பவர்களுக்கு அது தூரத்துச் சரக்கு அல்ல. கூடலூர், லோயர் கேம்ப் வழியாக மலை ஏறினால் குமுளி. அங்கிருந்து பீர்மேடு, குட்டிக்கானம் தாண்டி, மலையின் அந்தப் பக்கம் இறங்கினால் முண்டக்கயம். அங்கே தொடங்குகிறது ரப்பர் நாடு. கோட்டயம் வரைக்கும் சாலையின் இரு பக்கமும் ரப்பர் மரங்கள்தான். மலை மேல் ஏலக்காய், மலைக்கு அடியில் ரப்பர்!

விடியும் முன்பே தோட்டத் தொழிலாளி மரத்தடிக்குப் போய்விடுவார். பட்டையைச் சாய்வாக, மெல்லியதாகச் சீவுவார். வெட்டின் வழியே பால் சொட்டுச் சொட்டாக வடிந்து, கட்டி வைத்த சிரட்டையில் விழும். வெயில் ஏறிவிட்டால் பால் ஓடுவது குறைந்துவிடும். அதனால்தான் அந்த அவசரம்.

1895 முதல் முல்லைப் பெரியாற்றுத் தண்ணீர் மலையைக் கடந்து பள்ளத்தாக்குக்கு வருகிறது. தண்ணீர் வந்தது. ஆனால் ரப்பர் மரம் வரவில்லை. அதற்கு வாய்க்கால் தண்ணீர் போதாது, கொட்டும் மழை வேண்டும். பள்ளத்தாக்கோ மலையின் மழை மறைவில் இருக்கிறது. ஆகவே இங்கே நெல், வாழை, திராட்சை. தமிழ்நாட்டில் ரப்பர் விளைவது பெரும்பாலும் கன்னியாகுமரி மாவட்டத்தில்தான்.

இந்த மரமும் நம் நாட்டு மரம் அல்ல. தென் அமெரிக்காவின் அமேசான் காட்டு மரம். 1876-ல் விக்காம் என்ற ஆங்கிலேயர் சுமார் 70 ஆயிரம் விதைகளைப் பிரேசிலில் இருந்து லண்டனுக்குக் கொண்டுபோனார். அங்கே முளைத்த கன்றுகள் இலங்கைக்கு வந்தன. கேரளத்தில் தட்டேக்காடு என்ற இடத்தில் 1902-ல் தோட்டம் போட்டார்கள்.

சிரட்டையில் விழும் பாலில் மூன்றில் ஒரு பங்குதான் ரப்பர். மீதி பெரும்பாலும் தண்ணீர். தயிருக்கு உறை ஊற்றுவது போல அதில் கொஞ்சம் ஆசிட் விட்டால் உறைந்துவிடும். அதை உருட்டி, காயவைத்து, ஷீட் ஆக்கி விற்பார்கள். உறையாமல் பாலாகவே வேண்டும் என்றால் அம்மோனியா சேர்ப்பார்கள். பிறகு இயந்திரத்தில் வேகமாகச் சுழற்றித் தண்ணீரைப் பிரித்தால் ரப்பர் 60 சதவிகிதம் ஆகிவிடும். கை உறை, பலூன், ஒப்பனைப் பால் எல்லாவற்றுக்கும் மூலம் இதுவே.

சினிமா எவ்வளவு ரப்பரைப் பூசினாலும் தோட்டக்காரருக்கு லாபமோ நஷ்டமோ இல்லை. ரப்பரில் பெரும்பகுதி டயருக்குப் போகிறது. 2011-ல் கிலோ 240 ரூபாய் விற்ற ரப்பர், 2016 தொடக்கத்தில் 100 ரூபாய்க்கும் கீழே விழுந்தது. 2024 ஆகஸ்டில் மறுபடியும் 240-ஐத் தாண்டியது. இதெல்லாம் டயர் கம்பெனியும் உலகச் சந்தையும் ஆடும் ஆட்டம்.

அரிதாரம் என்றால் விஷம்!

நாடக மேடையில் முகப்பூச்சுக்கு "அரிதாரம்" என்று பெயர். அரிதாரம் என்பது ஒரு மஞ்சள் நிறக் கல். அதில் இருப்பது ஆர்செனிக் என்ற கொடிய விஷம்! நடிகர்கள் முகத்தில் பூசிக்கொண்ட பொருளின் பெயரே தொழிலுக்குப் பெயராக நின்றுவிட்டது. முகத்தில் எதைப் பூசுகிறோம் என்று கேட்காமல் பூசுவது புதுப் பழக்கம் அல்ல.

"நவராத்திரி" படத்தில் (1964) சிவாஜி கணேசன் ஒன்பது வேடங்களில் வந்தார். மயிர், பசை, வண்ணம் இவற்றோடு நடையும் குரலும் சேர்ந்து ஒன்பது மனிதரைக் காட்டின.

1977-ல் தேனி அல்லிநகரத்துக்காரரான டைரக்டர் பாரதிராஜா, "16 வயதினிலே" படத்தில் கமலஹாசனைச் சப்பாணி ஆக்கினார். கோவணம், வெற்றிலைச் சாறு வழியும் வாய், இழுத்து இழுத்து நடக்கும் கால். அழகான நடிகரை அடையாளம் தெரியாமல் ஆக்க அதுவே போதுமாக இருந்தது. முகத்தில் ரப்பர் தேவைப்படவில்லை.

19 வருஷம் கழித்து அதே கமலஹாசன் ரப்பர் யுகத்துக்கு வந்தார். 1996 மே மாதம் வந்த "இந்தியன்" படத்தில் கிழவர் சேனாபதி. அதே வருஷம் தீபாவளிக்கு வந்த "அவ்வை சண்முகி"யில் மாமி. 2008-ல் "தசாவதாரம்", பத்து வேடங்கள்!

மூன்று படங்களுக்கும் அமெரிக்காவில் இருந்து மைக்கேல் வெஸ்ட்மோர் என்ற ஒப்பனைக் கலைஞரை வரவழைத்தார்கள். அவருடைய தாத்தா ஜார்ஜ் வெஸ்ட்மோர், 1917-ல் ஹாலிவுட்டில் முதல் ஒப்பனைப் பிரிவைத் தொடங்கியவர். பேரன் "மாஸ்க்" என்ற படத்துக்காக ஆஸ்கார் பரிசு பெற்றவர்.

ஹாலிவுட்டில் இந்த வித்தை பழையது. 1939-ல் "விசர்ட் ஆப் ஆஸ்" படத்திலேயே ரப்பர் நுரையால் செய்த முகங்கள் வந்துவிட்டன. 1968-ல் "பிளானட் ஆப் தி ஏப்ஸ்" படத்தில் மனிதர்களைக் குரங்குகள் ஆக்கிய ஜான் சேம்பர்சுக்குத் தனியாக ஆஸ்கார் விருது கொடுத்தார்கள்.

ரப்பர் முகம் செய்வது எப்படி?

முதலில் நடிகரின் முகத்தை அச்சு எடுப்பார்கள். கடல்பாசியில் இருந்து எடுக்கும் ஒரு மாவைக் குழைத்து, மூக்குத் துவாரம் மட்டும் விட்டு, முகம் முழுவதும் அப்புவார்கள். அது உறைந்ததும் கழற்றி, அதற்குள் சாந்து ஊற்றினால் நடிகரின் தலை கிடைக்கும். அந்தத் தலை மேல் களிமண்ணால் கிழவன் மூக்கு, தொங்கும் கன்னம் எல்லாம் செய்து, அதற்கும் ஓர் அச்சு எடுப்பார்கள். பிறகு முட்டையை அடித்து நுரைக்க வைப்பது போல ரப்பர் பாலை மருந்துகளோடு அடித்து, அச்சில் ஊற்றி, கேக் சுடுவது போல அடுப்பில் சுடுவார்கள். பஞ்சு போன்ற மெல்லிய தோல் வரும். அதை ஒட்டி வண்ணம் தீட்டப் பல மணி நேரம் பிடிக்கும். மறுநாள் புதுத் தோல் வேண்டும்!

பாட்டில் பாலில் செய்வது இதைவிடச் சுலபம். கை விரலால் தோலை இழுத்துப் பிடித்து, மெல்லப் பூசி, காய்ந்ததும் பவுடர் தூவி, பிடித்த தோலை விட்டுவிட்டால் சுருக்கம் விழும். இருபது வயது எழுபது ஆகிவிடும். மெல்லிய காகிதத்தை அடுக்கி அடுக்கிப் பூசி, காய்ந்தபின் நடுவில் கிழித்துச் சிவப்புச் சாயம் விட்டால் வெட்டுக் காயம்.

சினிமாவில் இப்போது ரப்பர் நுரைக்குப் பதில் பெரும்பாலும் சிலிக்கோன் வந்துவிட்டது. அது மரத்தில் வருவது அல்ல. வெளிச்சம் பட்டால் மனிதத் தோல் போலவே தெரியும். விலை மட்டும் அதிகம்.

கம்ப்யூட்டர் எல்லாவற்றையும் விழுங்கிவிடும் என்று பயப்படக் காரணம் இல்லை. வயதைக் குறைக்கக் கம்ப்யூட்டர் கெட்டிக்காரன்தான், ரப்பரால் அது முடியாது. தோல் மேல் ஒட்டித் தடிப்பாக்கலாமே தவிர, இருக்கும் தோலைக் கரைக்க முடியுமா? ஆனால் வயதைக் கூட்ட, காயம் காட்ட, எதிரே நிற்கும் நடிகரைத் திடுக்கிட வைக்க, ரப்பரும் சிலிக்கோனும்தான் மலிவு. சிறு படக்காரருக்கும் ஊர் நாடகத்துக்கும் அமெரிக்கக் கம்ப்யூட்டர் கட்டுப்படி ஆகுமா?

வருத்தம் வேறு இடத்தில் இருக்கிறது. பெரிய வேஷம் என்றால் ஒப்பனைக்காரருக்கு அமெரிக்காவுக்குத் தந்தி கொடுக்கும் வழக்கம் தமிழ்ப் படத்துக்குப் பழகிவிட்டது. மலைக்கு அந்தப் பக்கம் பட்டணம் ரஷீத் என்ற மலையாளக் கலைஞர், "பரதேசி" படத்தில் மோகன்லாலை வயோதிகர் ஆக்கி, 2007-ஆம் ஆண்டுக்கான தேசிய விருது வாங்கினார். கொச்சியில் பலருக்கு இந்தத் தொழிலைக் கற்றும் கொடுத்தார். மலைக்கு இந்தப் பக்கத்துப் பையன் செல்போன் படத்தைப் பார்த்து, யாரிடமும் கேட்காமல், தானே பூசிப் பழகுகிறான்.

வாழைப்பழமும் ரப்பரும்

சிலருடைய உடம்புக்கு ரப்பர் பால் ஆகாது. அதில் உள்ள சில புரதங்கள் அவர்களுக்குப் பகை. பூசிய சில நிமிஷங்களில் அரிப்பு, தடிப்பு, தும்மல் வரும். சிலருக்கு மூச்சுத் திணறி உயிருக்கே ஆபத்து நேரலாம். ஆஸ்பத்திரிகளில் ரப்பர் கை உறை பெருகியபோது டாக்டர்களும் நர்சுகளும் இதனால் அவதிப்பட்டார்கள். உறைக்குள் தூவிய மாவு அந்தப் புரதத்தைக் காற்றில் பரப்பியது. மாவு தூவிய உறைகளை அமெரிக்கா 2017-ல் தடை செய்தது.

பள்ளத்தாக்குக்காரர்கள் கேட்க வேண்டிய செய்தி ஒன்று உண்டு. ரப்பர் பாலில் உள்ள ஒரு புரதமும் வாழைப்பழத்தில் உள்ள ஒரு புரதமும் அண்ணன் தம்பி போன்றவை! பப்பாளி, பட்டர் புரூட் என்னும் வெண்ணெய்ப்பழம், கிவி இவற்றிலும் அந்த உறவு உண்டு. வாழைப்பழம் தின்றால் வாய் அரிக்கிறது, உதடு வீங்குகிறது என்று சொல்லும் பிள்ளை வீட்டில் இருந்தால், அவன் முகத்தில் ரப்பர் பால் படக் கூடாது. அப்படிப்பட்ட எல்லோருக்கும் ரப்பர் ஒத்துக்கொள்ளாது என்பது இல்லை. ஆனால் முகத்தில் பூசிப் பார்த்தா தெரிந்துகொள்வது?

பலூன் ஊதினால் உதடு தடிக்கிற பிள்ளை, ஆஸ்துமா உள்ள பிள்ளை, சிறு வயதில் பல ஆபரேஷன் ஆன பிள்ளை, இவர்களும் விலகி இருக்க வேண்டும்.

மற்றவர்கள் முன்கையின் உட்புறத்தில் ஒரு துளி தடவி, ஒரு நாள் பொறுத்துப் பார்க்க வேண்டும். சிலருக்குத் தடிப்பு உடனே வராது, மறுநாள்தான் வரும்.

பாட்டிலைத் திறந்தால் குப்பென்று ஒரு நெடி அடிக்கும். காலையில் மாட்டுத் தொழுவத்தில் வருமே, அந்த அம்மோனியா நெடிதான். கண்ணுக்கு ஆகாது. கண்ணைச் சுற்றிப் பூசவே கூடாது. ஜன்னலைத் திறந்து வைத்துத்தான் பூச வேண்டும்.

தோட்டத்தில் இருந்தோ, கை உறைத் தொழிற்சாலையில் இருந்தோ மலிவாகக் கிடைக்கிறது என்று பால் வாங்கி வரவேண்டாம். அதில் அம்மோனியா அதிகம் இருக்கும், வேறு மருந்துகளும் இருக்கும். முகத்தில் பூசுவதற்கு என்று எழுதிய பாட்டிலே வாங்க வேண்டும்.

புருவம், மீசை, காதோர முடி எதிலும் பால் படக் கூடாது. காய்ந்தபின் இழுத்தால் முடியும் சேர்ந்து வந்துவிடும். முன்கூட்டியே புருவத்தில் வாசலைன் தடவிக்கொள்ளலாம். கழற்றும்போது ஓரத்தில் எண்ணெய் தடவி, வெதுவெதுப்பான தண்ணீர் விட்டு, மெதுவாக உரிக்க வேண்டும்.

முகம் வீங்கினாலோ மூச்சு இழுத்தாலோ வீட்டு வைத்தியம் பார்த்துக்கொண்டு இருக்கக் கூடாது. 108-க்குப் போன் செய்ய வேண்டும். பாட்டிலையும் கையோடு எடுத்துப்போய் டாக்டரிடம் காட்ட வேண்டும். ரப்பர் ஆகாது என்று ஒரு தடவை தெரிந்துவிட்டால், பிறகு பல் பிடுங்கப் போனாலும் அதை முதலில் சொல்ல வேண்டும். டாக்டர் கையில் மாட்டும் உறையும் அதே மரத்துப் பாலில் செய்ததாக இருக்கலாம்.