எதற்குத் தக்கன?

போன மாதம் நண்பன் ஒருவனுக்கு வேலை போனது. எட்டு வருடம் ஒரே கம்பெனி. ஒரு வெள்ளிக்கிழமை மதியம் மீட்டிங் போட்டு, கால் மணி நேரத்தில் பேசி முடித்து, லேப்டாப்பை வாங்கிக்கொண்டு அனுப்பிவிட்டார்கள். அன்றிரவு எங்கள் கல்லூரி வாட்ஸப் குழுவில் அவன் இதைச் சொன்னபோது நாலைந்து பேர் வருத்தப்பட்டார்கள். ஒருவன் மட்டும் இப்படி எழுதினான்: “கஷ்டமாத்தான் இருக்கு மச்சி. ஆனா என்ன பண்றது? சர்வைவல் ஆஃப் தி ஃபிட்டஸ்ட். டார்வின் அன்னைக்கே சொல்லிட்டாரு.” அதற்கு மூன்று தம்ஸ் அப் வேறு.

பதில் எழுத உட்கார்ந்தேன். நீண்டுகொண்டே போனது. வேலை போனவன் பார்க்கிற இடத்தில் போய் டார்வினைப் பற்றி வகுப்பெடுப்பது அசிங்கம் என்று தோன்றியதால் அழித்துவிட்டேன். அழித்ததைத்தான் இங்கே எழுதுகிறேன்.

இந்த வாக்கியத்தை நாம் எல்லோரும் கேட்டிருக்கிறோம். தமிழில் அது ‘வல்லவன் வாழ்வான்’ ஆகவும் ‘வலியது வாழும்’ ஆகவும் உலவுகிறது. கோச்சிங் சென்டர் சுவரில் இருக்கிறது. தொழில்முனைவோர் கூட்டத்து மேடையில் வருகிறது. இட ஒதுக்கீட்டைப் பற்றிய சண்டையில் கடைசி அஸ்திரமாக வந்து விழுகிறது. எங்கே வந்தாலும் அதற்கு ஒரே வேலைதான். ஒருவன் தோற்றிருக்கிறான், அவன் தோற்க வேண்டியவன்தான், இது இயற்கை விதி, மேலே கேள்வி கேட்காதே. ‘எல்லாம் தலையெழுத்து’ என்று பாட்டி சொன்னால் சிரிக்கிற நாம், அதையே ஒரு வெள்ளைக்காரத் தாடியின் பெயரில் சொன்னால் அறிவியல் என்று தலையாட்டுகிறோம்.

முதலில், டார்வின் அன்றைக்கே சொல்லவில்லை. ‘உயிரினங்களின் தோற்றம்’ 1859-இல் வந்தபோது அதில் அந்தச் சொற்றொடர் கிடையாது. அதை உருவாக்கியவர் ஹெர்பர்ட் ஸ்பென்சர். 1864-இல் வந்த ‘உயிரியலின் கொள்கைகள்’ என்ற தன் நூலில் அதைப் பயன்படுத்தினார். அரசு ஏழைகளுக்கு உதவக் கூடாது என்று அதற்கு முன்பே எழுதிக்கொண்டிருந்தவர் அவர். டார்வின் தன் நூலின் 5-ஆம் பதிப்பில், 1869-இல்தான் அதை உள்ளே விட்டார். விடச் சொன்னவர் ஆல்ஃபிரட் ரஸ்ஸல் வாலஸ்.

வாலஸ் சொன்ன காரணம் முக்கியமானது. ‘இயற்கைத் தேர்வு’ என்றால், யாரோ ஒருவர் உட்கார்ந்து நல்லது கெட்டது பார்த்துப் பொறுக்குவதுபோல் வாசகர்கள் நினைத்துக்கொள்கிறார்கள். இயற்கைக்கு அப்படி ஒரு மனசு கிடையாது. எனவே ஸ்பென்சரின் சொல்லைப் போடுங்கள் என்று 1866-இல் டார்வினுக்குக் கடிதம் எழுதினார். அதாவது, தீர்ப்புச் சொல்கிற ஒரு நீதிபதியை வெளியே தள்ளத்தான் அந்தச் சொற்றொடரைக் கொண்டுவந்தார்கள். இன்று நாம் அதை வைத்தே அந்த நீதிபதியைத் திரும்பக் கூட்டிவந்து நாற்காலியில் உட்கார வைத்திருக்கிறோம். வாலஸ் பிற்காலத்தில் சோஷலிஸ்ட் ஆனார் என்பதையும் சேர்த்துச் சொல்லிவிடுகிறேன்.

இனி தமிழுக்கு வருவோம். என் கோபம் உண்மையில் இங்கேதான் இருக்கிறது. ஆங்கிலத்தில் ‘ஃபிட்’ என்ற சொல் தடம் மாறிப் போனதற்கு ஒரு சாக்கு உண்டு. டார்வின் காலத்தில் ‘பொருந்துகிற’ என்பதே அதன் முதன்மையான பொருள். பிறகு அது ஜிம்முக்குப் போய்விட்டது. நமக்கு அந்தச் சாக்கு கிடையாது. பாடப்புத்தகத் தமிழ் இதை ‘தக்கன பிழைத்தல்’ என்று மொழிபெயர்த்தது. யார் செய்தார்களோ, நன்றாகச் செய்திருக்கிறார்கள். ஏனென்றால் ‘தக்க’ என்ற சொல் பெரும்பாலும் தனியாக நிற்காது. வரவுக்குத் தக்க செலவு. காலத்துக்குத் தக்க கோலம். விரலுக்குத் தக்க வீக்கம். இங்கெல்லாம் அதற்கு முன்னால் ஒரு ‘கு’ இருக்கிறது. நான்காம் வேற்றுமை வெளிப்படையாக வராத இடத்திலும் ‘எதற்கு’ என்ற கேள்வி ‘தக்க’வுக்குள் ஒளிந்திருக்கும். ‘இந்தச் சட்டை தக்கது’ என்று யாராவது சொன்னால், யாருக்கு, எதற்கு என்றுதான் கேட்போம்.

உயிரியல் சொல்வதும் இதைத்தான். ஒரு பண்பு எந்தச் சூழலுக்குத் தக்கது என்று கேட்கலாம். சூழலைச் சொல்லாமல் அது தக்கதா, தகாததா என்று கேட்க முடியாது. நம் ஆட்கள் என்ன செய்தார்கள்? ‘கு’வை வெட்டி எறிந்தார்கள். மிச்சம் இருந்த ‘தக்க’வுக்குப் பதிலாக ‘வல்ல’வைப் போட்டார்கள். வல்லவனுக்கு எந்த வேற்றுமையும் தேவையில்லை. அவன் எங்கே போனாலும் வல்லவன்.

கலாபகஸ் தீவுக்கூட்டத்தில் டாஃப்னி மேஜர் என்று ஒரு சின்னத் தீவு இருக்கிறது. பீட்டர் கிராண்ட், ரோஸ்மேரி கிராண்ட் தம்பதியர் 1973 முதல் பல பத்தாண்டுகள் அங்கே ஃபிஞ்ச் குருவிகளைப் பிடித்து, வளையம் மாட்டி, அலகை அளந்து வந்தார்கள். 1977-இல் மழை பொய்த்தது. சின்ன விதைகள் தீர்ந்துபோயின. மிஞ்சியது பெரிய, கடினமான விதைகள். நம் ஊர் நெருஞ்சியின் உறவுக்காரச் செடி ஒன்றின் முள்காயும் அதில் உண்டு. ஒரு வகைக் குருவியில் ஏறக்குறைய 85 சதவீதம் செத்துப்போயின. பெரிய அலகு உள்ளவை அதிகமாகப் பிழைத்தன. ‘பாத்தியா, வல்லவன் வாழ்வான்’ என்று சொல்லத் தோன்றும். கொஞ்சம் பொறுங்கள். 1983-இல் எல் நினோ வந்து தீவு மழையில் மிதந்தது. கொடிகள் படர்ந்து எங்கே பார்த்தாலும் சின்ன விதைகள். அடுத்து வந்த வறட்சியில் சின்ன அலகுக் குருவிகளுக்கு அடித்தது யோகம். ஆறேழு வருடத்தில் தீர்ப்பு தலைகீழாகிவிட்டது. இடையில் எந்தக் குருவியும் சோம்பேறி ஆகவில்லை. எந்தக் குருவியும் திறமையை வளர்த்துக்கொள்ளவில்லை. மாறியது விதை.

கலாபகஸ் தூரம் என்றால் நீலகிரிக்கு வாருங்கள். அங்குள்ள பழங்குடி மக்களின் ரத்தத்தில் அரிவாள் செல் பண்பு இருப்பதை லேமன், கட்புஷ் என்ற இருவர் 1952-இல் பதிவு செய்தார்கள். இரண்டே ஆண்டு கழித்து, 1954-இல், கிழக்கு ஆப்பிரிக்காவில் வேலை செய்த ஆண்டனி ஆலிசன் இதன் மறுபக்கத்தைக் காட்டினார். அந்த மரபணு தாய், தந்தை இருவரிடமிருந்தும் வந்தால் சோகை, தாங்க முடியாத வலி, சீக்கிர மரணம். ஒருவரிடமிருந்து மட்டும் வந்தால் கொல்லும் மலேரியாவிலிருந்து பெருமளவு பாதுகாப்பு. மலேரியா உள்ள நிலத்தில், மரபணுவே இல்லாதவரை விட அதை ஒரு பங்கு சுமப்பவர் பிழைக்கும் வாய்ப்பு அதிகம். மலேரியா இல்லாத இடத்துக்குப் போனால் அந்த அனுகூலம் காணாமல் போய்விடுகிறது, சுமை மட்டும் மிஞ்சுகிறது. சரி, இந்த மரபணு தகுதியானதா, தகுதியற்றதா? கொசுவைக் கேட்காமல் பதில் சொல்ல முடியாது. இன்னொன்று: அப்படிச் சுமக்கிற இருவர் மணந்தால் ஒவ்வொரு பிள்ளைக்கும் நாலில் ஒரு பங்கு நோய் வரும் வாய்ப்பு உண்டு. அந்த மண்ணுக்கு ‘மிகத் தக்கது’ எதுவோ அதுவேதான் நோயையும் பெற்றெடுக்கிறது. இதில் எங்கே இருக்கிறது வல்லவன் கதை?

இன்னும் ஒரு அடி போகலாம். உயிரியலாளர் இந்தச் சொல்லை வைத்து அளப்பது பிழைத்தலைக்கூட அல்ல. அடுத்த தலைமுறைக்கு ஒரு உயிர் எத்தனை வாரிசுகளை விட்டுச்செல்ல வாய்ப்பிருக்கிறது என்பதைத்தான். ஆஸ்திரேலியாவில் ஆண்டிகைனஸ் என்ற எலி போன்ற ஒரு பைப்பாலூட்டி உண்டு. அதன் ஆண்கள் ஒரு வயது நிறையும் முன்பே, சில வாரங்கள் ஓயாமல் இணை தேடிக் கூடிவிட்டு, உடம்பு குலைந்து அத்தனையும் செத்துப்போகின்றன. பிழைக்கத் தெரியாத பிறவிகள். ஆனாலும் வம்சம் தழைத்துக்கொண்டிருக்கிறது.

என் அப்பா கம்போசிட்டர். ஈய எழுத்துகளைத் தலைகீழாகப் படிப்பார், கண்ணை மூடிக்கொண்டு கேஸிலிருந்து ‘ணை’யை எடுப்பார். ஊரின் கல்யாணப் பத்திரிகைகளில் பாதி அவர் கையில் கோத்தவை. ஆஃப்செட்டும் கணினியும் வந்தன, ட்ரெடில் பழைய இரும்புக்குப் போனது, அப்பா வீட்டுக்கு வந்தார். “காலத்துக்கேத்த மாதிரி மாறணும்யா, வல்லவன்தான் வாழ முடியும்” என்று சொந்தக்காரர்கள் புத்தி சொன்னார்கள். அப்பா ஒன்றும் பேசவில்லை. உயிரியல் கணக்குப்படி பார்ப்பதென்றால் அவருக்குப் பிள்ளைகள் மூன்று பேர். அவரை வீட்டுக்கு அனுப்பிய முதலாளிக்கு ஒரே பிள்ளை. இதை நான் அப்பாவின் வெற்றியாகச் சொல்லவில்லை. அந்தச் சொல்லை மனிதனின் வேலைக்கும் சம்பளத்துக்கும் இழுத்துவந்தால் எவ்வளவு கேலிக்கூத்து ஆகிறது என்று காட்டத்தான் சொல்கிறேன்.

இப்போது ஒரு நியாயமான கேள்வி வரும். “தக்கது எது? பிழைத்தது. பிழைத்தது எது? தக்கது. இது சும்மா வட்டம் சுத்துறதுதானே?” கார்ல் பாப்பரே ஒரு காலத்தில் இயற்கைத் தேர்வைப் பற்றி இப்படிச் சந்தேகப்பட்டு, 1970-களின் இறுதியில் கருத்தை மாற்றிக்கொண்டார். தத்துவக்காரர்கள் சொல்லும் ஒரு உதாரணம் இந்த முடிச்சை அவிழ்க்கும். எல்லா வகையிலும் ஒன்றுபோல இருக்கும் இரட்டையர் இருவர். ஒருவன் தலையில் இடி விழுகிறது. மற்றவன் பேரன் பேத்தி பார்க்கிறான். இரண்டாமவன் அதிகம் ‘தக்கவன்’ ஆகிவிட்டானா? இல்லை. இருவருக்கும் இருந்த வாய்ப்பு ஒன்றே. சூசன் மில்ஸ், ஜான் பீட்டி ஆகியோர் 1979-இல் இதை வைத்தே தெளிவாக்கினார்கள்: தகவு என்பது நடந்து முடிந்த விளைவு அல்ல, ஒரு சூழலில் ஒரு உயிருக்கு இருக்கும் சாத்தியம். எனவே பிழைத்ததெல்லாம் தக்கதும் அல்ல, அழிந்ததெல்லாம் தகாததும் அல்ல. அதிர்ஷ்டத்துக்குப் பரிணாம உயிரியலில் தனி அத்தியாயமே இருக்கிறது. அதை நம் ஊர் டார்வின் பக்தர்கள் மட்டும் படிப்பதில்லை.

அவர்களுக்கு வட்டம்தான் வசதி. அவன் ஜெயித்தான், எனவே தகுதியானவன். தகுதியானவன், எனவே ஜெயித்தான். நம் மொழியில் ‘தகுதி’ என்ற ஒற்றைச் சொல் உயிரியல் தகவையும், விளையாட்டு வீரரின் உடல்நிலையையும், கல்லூரியில் சேர வேண்டிய மதிப்பெண்ணையும், ஒரு மனிதனின் மதிப்பையும் சேர்த்துத் தூக்கிக்கொண்டு அலைகிறது. ‘தகுதி திறமை எல்லாம் போச்சு’ என்று ஒருவர் பெருமூச்சு விடும்போது இந்த நான்கில் எதைச் சொல்கிறார் என்று கேட்டுப் பாருங்கள். ஒரு நுழைவுத் தேர்வு ரேங்க் என்பது அந்தத் தேர்வுக்குத் தக்க தன்மை. இரண்டு வருடக் கோச்சிங் என்ற மழை யார் வீட்டில் பெய்தது, யார் வீட்டில் பொய்த்தது என்று பார்க்காமல் அலகை மட்டும் அளந்து தீர்ப்பு எழுதுவது குருவி ஆராய்ச்சியிலேயே செல்லாது. அதோடு, குருவிக்கு விதை தானாக வந்தது. தேர்வை மனிதர்கள் உட்கார்ந்து வடிவமைத்தார்கள். வடிவமைத்தவர்களைக் கேள்வி கேட்கலாம்.

இதெல்லாம் வெறும் சொல் சண்டை என்று நினைப்பவர்களுக்கு ஒரு வரலாறு. டார்வினின் உறவினர் ஃபிரான்சிஸ் கால்டன் 1883-இல் ‘யூஜெனிக்ஸ்’ என்ற சொல்லை உருவாக்கினார். ‘தகாதவர்’ என்ற முத்திரை சட்டப் புத்தகத்துக்குள் போனது. 1927-இல் அமெரிக்க உச்ச நீதிமன்றம் கட்டாயக் கருத்தடையைச் செல்லும் என்றது. அந்த நாட்டில் 60,000-க்கும் மேற்பட்டவர்களுக்கு அப்படிச் செய்யப்பட்டது. ஜெர்மனியில் 1933 சட்டத்தின் கீழ் சுமார் 4 லட்சம் பேர். அதற்குப் பின் அங்கே நடந்தது உங்களுக்குத் தெரியும். அத்தனைக்கும் அடியில் இருந்தது, எதற்கு என்று கேட்கப்படாத ஒரு ‘தக்க’.

நம் பக்கத்து நல்லவர்களோடும் எனக்குச் சண்டை உண்டு. “இயற்கையில் போட்டி மட்டுமா இருக்கு? எறும்பைப் பாரு, தேனீயைப் பாரு, ஒத்துழைப்புதான் இயற்கை விதி” என்று கிளம்புகிறார்கள். ஒத்துழைப்பு இருப்பது உண்மை; குரோபோட்கின் 1902-லேயே அதைப் புத்தகமாக எழுதினார். ஆனால் போட்டியும் உண்மைதான். அந்தத் தீவில் பட்டினியால் செத்த குருவிகள் உண்மையாகவே செத்தன. தேனீ நல்லது என்பதால் நாம் நல்லவர்களாக இருக்க வேண்டும் என்றால், நாளைக்கு ஒருவன் குஞ்சைத் தின்னும் மீனைக் காட்டுவான். டார்வினுக்காக ஊரெல்லாம் வாதாடிய டி. எச். ஹக்ஸ்லியே 1893-இல் ஆக்ஸ்ஃபோர்டு உரையில் சொன்னார்: மனிதனின் அறம் இயற்கையின் போக்கைக் காப்பியடிப்பதில் இல்லை, அதை எதிர்த்து நிற்பதில் இருக்கிறது. அரிவாள் செல் சோகையோடு பிறந்த குழந்தைக்கு மருந்து கொடுக்கும் நர்ஸ் எந்த இயற்கை விதியையும் பார்த்து அதைச் செய்யவில்லை.

சரி, என்ன செய்யலாம்? உயிரியல் எழுதுபவர்கள் ‘தகுதி’யைக் கைவிட்டு ‘தகவு’ என்று எழுதலாம். ‘தகவமைப்பு’ ஏற்கனவே பள்ளிக்கூடத்திலிருந்தே பழகிய சொல் என்பதால் அதன் பக்கத்தில் ‘தகவு’ இயல்பாக உட்காரும். ‘பொருத்தம்’ என்றும் யோசித்தேன். ஜாதகக்காரர்கூட மாப்பிள்ளை ஜாதகத்தை மட்டும் பார்த்துப் ‘பத்துப் பொருத்தமும் இருக்கு’ என்று சொல்வதில்லை, பெண் ஜாதகம் எங்கே என்று கேட்கிறார். நம் மேடைப் பேச்சாளர்களை விட அவருக்கு அறிவியல் மனப்பான்மை அதிகம். ஆனால் பொருத்தம் என்ற சொல்லில் வாரிசுக் கணக்கு வராது. எனவே தகவே போதும். சொல்லை மாற்றினால் மட்டும் எல்லாம் சரியாகிவிடாது. ‘கு’வை விடாமல் கேட்கும் பழக்கம் வேண்டும். யாராவது ‘தக்கது பிழைக்கும்’ என்றால் உடனே கேளுங்கள்: எதற்குத் தக்கது?

நண்பனின் கம்பெனி அவனை அனுப்பிய அதே காலாண்டில் லாபம் அறிவித்திருந்தது. அவன் ஏழு வருடமாகப் பராமரித்த ஒரு மென்பொருளை ஒரு வாடிக்கையாளர் நிறுத்திவிட்டார். அந்த டீம் முழுவதையும் வெட்டிவிட்டார்கள். விதை மாறியது. மாற்றியது மழை அல்ல, ஒரு அறையில் உட்கார்ந்திருந்த ஐந்தாறு பேர். நேற்று அவனிடம் போனில் பேசினேன். குழுவில் வந்த அந்த மெசேஜைப் பற்றி அவனே எடுத்தான். “அவன் சொன்னது சரிதானோன்னு தோணுதுடா” என்றான்.

இல்லைடா. சரியில்லை. இந்தக் கட்டுரையின் லிங்கை உனக்குத்தான் முதலில் அனுப்பப் போகிறேன்.