அந்தக் கசட்டுகளைக் குப்பையில் போடாதீர்கள்



வீட்டுக்கு பெயின்ட் அடிக்கத் தொடங்கினால் முதலில் குப்பைக்குப் போவது அலுமாரிக்கு மேலே கிடக்கும் வீடியோ கசட்டுகள்தான். "டெக்கே இல்லை, இதை வைத்து என்ன செய்ய?" என்கிறோம். யார் கோபித்தாலும் சொல்கிறேன், இது பெரிய அநியாயம்.

அதில் என்ன இருக்கிறது? சவூதியிலிருந்து லீவில் வந்த வாப்பாவோ மாமாவோ கொண்டுவந்த கெமராவில் எடுத்தது. கிணற்றடியில் உம்மம்மா மீன் வெட்டிக்கொண்டிருப்பார். பிள்ளைகள் பெருநாள் காசுக்கு வரிசையில் நிற்பார்கள். இன்று மதில் இருக்கும் இடத்தில் கிடுகு வேலி இருக்கும். மௌத்தாகிப் போனவர்களின் குரல் இருக்கும். அதை எந்த அல்பமும் தராது.

நம் ஊர்களின் சிறப்பு மலர்களைப் புரட்டுங்கள். பள்ளிவாசல் கட்டிய ஆண்டு இருக்கும், எம்.பி.மாரின் படம் இருக்கும். நம் உம்மாமார் குசினியில் எப்படிப் பேசினார்கள் என்பது எதிலும் இல்லை.

1990 ஒக்டோபரில் வடக்கிலிருந்து விரட்டப்பட்ட நம் உறவுகளில் பலருக்கு வீட்டை விட்டு இறங்கக் கிடைத்தது சில மணி நேரம்தான். 2004 சுனாமி நம் கரையோர வீடுகளையே கொண்டுபோனது. அவர்கள் இழந்தார்கள். நாம் கையில் இருப்பதை எறிகிறோம்.

"பெண்கள் இருக்கிறார்களே" என்பார்கள். நியாயமான கவலைதான். ஆனால் பாதுகாப்பது வேறு, பரப்புவது வேறு. பேஸ்புக்கில் போடச் சொல்லவில்லை. கடையில் கொடுக்கவும் தேவையில்லை. வேலை செய்யும் டெக் ஒன்று, லெப்டொப், இரண்டையும் இணைக்கும் யூஎஸ்பி கருவி இருந்தால் வீட்டிலேயே மாற்றலாம். இரண்டு இடத்தில் பிரதி வையுங்கள். படத்தில் இருப்பவர் யார் யார் என்று மூத்தவர்களிடம் இப்போதே கேட்டு எழுதுங்கள்.

"போனில் ஆயிரம் வீடியோ இருக்கு" என்பவர்களுக்கு: அதில் பாதி கேக் வெட்டுவது, மீதி கல்யாண மேடை. ஸ்டேடஸ் 24 மணி நேரத்தில் போய்விடும். போன் தண்ணீரில் விழுந்தால் எல்லாம் போய்விடும். உம்மா வட்டிலப்பம் செய்வதை எத்தனை பேர் எடுத்து வைத்திருக்கிறீர்கள்?

காலமும் அதிகம் இல்லை. கடைசிவரை டெக் தயாரித்த ஜப்பானின் ஃபுனாய் கம்பனியும் 2016இல் நிறுத்திவிட்டது. நம் ஈரக் காற்றில் நாடாவில் பூஞ்சணம் பிடிக்கிறது. பிடித்ததைத் துப்புரவாக்காமல் டெக்கில் போட்டால் டெக்கும் கெட்டுவிடும்.

இந்த வெள்ளிக்கிழமை ஜும்ஆ முடிந்து வந்து அலுமாரிக்கு மேலே பாருங்கள். ஊரில் யாரிடமாவது வேலை செய்யும் டெக் இருந்தால் கமென்டில் சொல்லுங்கள்.