கை கொடுத்தால்தான் குடியுரிமையா?

கை குலுக்குவதெல்லாம் ஒரு விஷயமா என்று தோன்றலாம். ஐரோப்பாவில் அது கோர்ட் வரை போயிருக்கிறது.

சுவிட்சர்லாந்தின் தெர்வில் என்ற ஊரில், ஆசிரியருக்குக் கை கொடுப்பது பள்ளி வழக்கம். 2016-ல் இரண்டு முஸ்லிம் மாணவர்கள், ஆசிரியைகளுக்கு மட்டும் கை கொடுக்க மாட்டோம் என்றார்கள். மதக் காரணம். பக்கத்தில் நிற்கும் ஆண் ஆசிரியருக்குக் கை கொடுத்துவிட்டுத் தன்னை மட்டும் தாண்டிப் போனால் அந்த ஆசிரியைக்கு எப்படி இருக்கும்? அவமானம்தான், சந்தேகமே இல்லை. பள்ளி ஒரு வழி கண்டுபிடித்தது. பெண்களுக்குக் கொடுக்க முடியாதா, அப்படியானால் ஆண்களுக்கும் கொடுக்க வேண்டாம்! அழகான தீர்வு. ஆனால் மாகாண நிர்வாகம் அதை ஏற்கவில்லை. கை கொடுத்தே ஆக வேண்டும், மறுத்தால் 5,000 பிராங்க் வரை அபராதம் என்றது.

பெண்ணுக்கும் ஆணுக்கும் ஒரே மரியாதை வேண்டும் என்பது நியாயம். அந்த மரியாதை கை குலுக்கலாக மட்டுமே இருக்க வேண்டும் என்பது பிடிவாதம். இரண்டையும் குழப்பிக் கொள்வதில்தான் சிக்கலே.

இதைச் சரியாகப் பிரித்துப் பார்த்தது ஸ்வீடன் தொழிலாளர் நீதிமன்றம். நேர்முகத் தேர்வில் கை கொடுக்காமல், நெஞ்சில் கை வைத்து வணக்கம் சொன்ன ஒரு முஸ்லிம் பெண்ணை அந்த நிறுவனம் அப்படியே திருப்பி அனுப்பிவிட்டது. ஆண் பெண் இருவரும் இருக்கும் இடத்தில் அவர் எல்லோருக்குமே அப்படித்தான் வணக்கம் சொல்வாராம். 2018-ல் தீர்ப்பு வந்தது. இருபாலரையும் சமமாக நடத்து என்று நிறுவனம் கேட்கலாம், கை குலுக்கித்தான் காட்ட வேண்டும் என்று கேட்க முடியாது. இழப்பீடு 40,000 குரோனர்.

டென்மார்க் நேர் எதிர்த் திசையில் போனது. குடியுரிமை வாங்கும் விழாவில் அதிகாரியோடு கை குலுக்குவதை 2019 முதல் சட்டமாகவே ஆக்கியது. கையுறை கூடாதாம்! சட்டத்துக்குப் பயந்து நீட்டுகிற கையில் மரியாதை எங்கே இருக்கும்? அடுத்த வருடமே கொரோனா வந்தது. கை குலுக்க வழியில்லை என்று விழாக்களே நின்று போயின, காத்திருந்தவர்கள் காத்துக்கொண்டே இருந்தார்கள்...

பிரான்ஸ் கதை இன்னும் வேடிக்கை. விழாவில் அதிகாரிக்குக் கை கொடுக்காத அல்ஜீரியப் பெண்ணுக்குக் குடியுரிமை கிடையாது என்பதை அந்நாட்டின் உயர் நிர்வாக நீதிமன்றம் 2018-ல் உறுதி செய்தது. 2020 மார்ச்சில், பாரிஸுக்கு வந்த ஸ்பெயின் ராஜாவையும் ராணியையும் அதிபர் மக்ரோன் கை குலுக்காமல்தான் வரவேற்றார். நம் ஊர் மாதிரி இரண்டு கையையும் கூப்பி!