தூக்கணாங்குருவியின் விளக்கு: ஒரு மறுப்பு

தூக்கணாங்குருவி தன் கூட்டினுள் ஈரக் களிமண்ணை அப்பி, அதில் மின்மினிகளைப் பதித்து, இரவில் குஞ்சுகளுக்கு விளக்கேற்றி வைக்கிறது என்ற செய்தி பட்டிமன்ற மேடைகளிலும் பள்ளி ஆண்டு விழாக்களிலும் சலிப்பின்றிச் சொல்லப்பட்டு வருகிறது. நம் முன்னோர் இதை அன்றே அறிந்திருந்தனர், மேலை அறிவியல் இப்போதுதான் விழித்துக்கொள்கிறது என்ற பின்னிணைப்பும் அதனுடன் சேர்ந்துகொள்கிறது. கைதட்டல் எழுகிறது. இலக்கியம் கற்றோரும் அதில் கலந்துகொள்வதை நாம் ஏற்க இயலாது.

முதலில் பறவையைப் பார்ப்போம். தூக்கணாங்குருவி பகலில் இயங்குவது. பொழுது சாய்ந்தால் அடங்கிவிடுவது. அதற்கு விளக்கினால் ஆகவேண்டிய வேலை எதுவுமில்லை. மின்மினியின் ஒளியோ, அதன் உடலிலுள்ள லூசிஃபெரின் என்னும் பொருள் ஒரு நொதியின் துணையால் ஆக்சிஜனுடன் வினைபுரியும்போது பிறப்பது. இணையை அழைக்க ஏற்றி அணைக்கப்படும் ஒளி அது. சேற்றில் புதைந்து சாகும் பூச்சி அகல்விளக்காக நின்று எரியாது.

கூட்டில் களிமண் இருப்பது மட்டும் உண்மை. ஆண் குருவி கூட்டைப் பாதி முடித்துத் தலைக்கவசம்போலத் தொங்கவிட்டிருக்கும் கட்டத்தில், பெடை வந்து பார்வையிடும் காலத்தையொட்டி, உட்புறத்தில் மண்ணைப் பூசுகிறது. காற்றில் அலையும் கூட்டுக்கு அது எடை தருகிறது என்பது ஆய்வாளர் கூறும் விளக்கங்களுள் ஒன்று. 1930-இல் கொங்கண் கடற்கரையின் கிஹிமில் இக்குருவிகளைத் தொடர்ந்து கவனித்த சாலிம் அலி, ஓர் ஆண் ஒன்றன்பின் ஒன்றாகக் கூடுகள் கட்டிப் பல பெடைகளுடன் குடும்பம் நடத்துவதைக் கண்டறிந்தார். குடும்ப விளக்கைப் புகழும் மேடைகளில் இச்செய்தி ஒலிக்காததன் காரணம் நமக்குப் புரிகிறது.

இனி முன்னோருக்கு வருவோம். குறுந்தொகை 374-ஆம் பாடல் நெடிய பனையில் தொங்கும் தூக்கணாங்குருவிக் கூட்டின் சிக்கலான பின்னலை ஊராரின் மயக்கத்துக்கு உவமையாக்குகிறது. புறநானூறு 225, ஒரு புறமாகத் தொங்கவிடப்பட்ட வலம்புரிச் சங்கிற்கு அக்கூட்டை உவமையாக்குகிறது. அகநானூறு 72-இல், மின்மினி மொய்த்த புற்றைக் கரடி கிளறும்போது ஒளித்துகள்கள் பொன்பொறிகளாகச் சிதறுகின்றன. கரடி இரும்படிக்கும் கொல்லனாகத் தோன்றுகிறது. இப்புலவர்கள் குருவியையும் அறிந்திருந்தனர், மின்மினியையும் அறிந்திருந்தனர். மூன்று பாடல்களிலும் ஒன்றன் வீட்டில் மற்றொன்று குடிவைக்கப்படவில்லை. கண்டதைக் கண்டவாறு உவமையாக்கிய அந்தக் கண்களுக்குச் செய்யும் மரியாதை, அவர்கள் சொல்லாததை அவர்கள் வாயில் திணிப்பதுதானா?

ஒளிரும் பறவையைக் கனவு கண்டது தமிழ் மனம் மட்டுமல்ல. கி.பி. முதல் நூற்றாண்டில் ரோமானியரான பிளினி, ஜெர்மானியக் காடுகளில் இறகுகள் இரவில் தீப்போல் ஒளிரும் பறவைகள் இருப்பதாக எழுதிவைத்தார். 1907, 1908-ஆம் ஆண்டுகளில் இங்கிலாந்தின் நார்ஃபோக் வயல்வெளிகளில் ஒளிவிடும் ஆந்தை பறந்ததாகப் பேசப்பட்டது. உளுத்த மரப்பொந்தின் ஒளிர்காளான் இறகில் ஒட்டியிருக்கலாம் என்று விளக்கம் சொன்னார்கள். 2025-இல் வெளிவந்த ஓர் ஆய்வு, சொர்க்கப் பறவைகளின் 45 இனங்களில் 37 இனங்கள் ஒளிர்வதாகக் கூறியதும், 'ஒளி உமிழும் பறவைகள்' என்ற கூக்குரல் மீண்டும் கிளம்பியது. அவை உமிழ்வது தம் ஒளியன்று. மேலே விழும் நீல, புற ஊதாக் கதிர்களை வாங்கி வேறு நிறத்தில் திருப்பித் தருகின்றன. தன் உடலில் தானே ஒளியை உண்டாக்கும் பறவை எதுவும் இதுவரை அறியப்படவில்லை.

எனவே கற்பனைப் பறவைகளை நூல்களிலிருந்து விரட்டிவிடலாமா என்று பகுத்தறிவு நண்பர்கள் கேட்கக்கூடும். வேண்டாம். பாலையும் நீரையும் பிரிக்கும் அன்னமும் நிலவை உண்ணும் சகோரமும் கவிதையின் குடிமக்கள். அவற்றுக்கு விலங்கியல் சான்றிதழ் தேவையில்லை. சான்றிதழ் வாங்கித் தருகிறோம் என்று புறப்படுபவர்களே அவற்றை அவமதிக்கிறார்கள். கற்பனை மெய்யென்று நிறுவப்பட்டால்தான் மதிப்புப் பெறும் என்பது அவர்களுடைய உள்ளார்ந்த எண்ணம். கவிதையின் மீது இதைவிடப் பெரிய அவநம்பிக்கை வேறில்லை.

இது வெறும் ஏட்டுச் சண்டையன்று. தாம்பரம், சேலையூர், செம்பாக்கம், மாடம்பாக்கம் பகுதிகளிலிருந்து வரும் மாணவர்கள் மின்மினி விளக்குக் கதையைத் தவறாமல் ஒப்பிக்கிறார்கள். கூடு தொங்கும் பனையை எங்கே பார்க்கலாம் என்று கேட்டால் வகுப்பில் மௌனம். ஏரிக்கரைப் பனைகள் மனைகளுக்கு வழிவிட்டு வருகின்றன. பள்ளிக்கரணைச் சதுப்பு நிலம் 2022-இல் ராம்சர் தகுதி பெற்றது. அதற்குள் அதன் பெரும்பகுதி கட்டடங்களுக்கும் குப்பை மேட்டுக்கும் போய்விட்டது. எஞ்சிய நீரில் நீலத் தாழைக்கோழி இன்றும் நடக்கிறது, பூநாரை வந்து போகிறது. அவற்றின் பெயர் தெரியாமலேயே தமிழ் முதுகலைப் பட்டம் பெற்றுவிட முடிகிறது. அன்னத்தைப் பற்றிய ஐந்து மதிப்பெண் வினாவுக்கு மட்டும் விடை தயாராக இருக்கிறது.

கதை தரும் நிறைவு அக்கறைக்கு ஈடாகிவிடுகிறது என்பதே நம் குற்றச்சாட்டு. குருவிக்கு விளக்கு இருக்கிறது என்று நம்புபவன் அதற்குப் பனை இருக்கிறதா என்று கேட்பதில்லை. மின்மினி வேண்டுவதோ இருள். செயற்கை வெளிச்சம் மிகுந்த இடத்தில் அதன் ஆணும் பெண்ணும் ஒன்றையொன்று காண்பதே கடினமாகிறது. இரவெல்லாம் விளக்குகள் எரியும் நம் புறநகரில் அந்த இருளை நாளுக்கு நாள் குறைத்துவருகிறோம்.

அடுத்த முறை மேடையேறி இக்கதையைச் சொல்லவிருக்கும் நண்பர்களுக்கு நம் வேண்டுகோள் ஒன்றுதான். கதையைத் தாராளமாகச் சொல்லுங்கள். கதை என்றே சொல்லுங்கள். கூடவே, உங்கள் ஊரில் தூக்கணாங்குருவிக் கூடு கடைசியாகத் தொங்கிய மரம் எது, அது இப்போது நிற்கிறதா என்பதையும் விசாரித்துச் சொல்லுங்கள். அதன் பிறகும் கைதட்டல் எழுந்தால் நாமும் சேர்ந்து தட்டுகிறோம்.