பல மரம் கண்ட தச்சன்

“பல மரம் கண்ட தச்சன் ஒரு மரமும் வெட்டமாட்டான்” என்பார்கள். வீணை எஸ். பாலசந்தரைப் பற்றிப் பேச்சு வந்தால், இந்தப் பழமொழியை வீசிவிட்டு நகர்ந்து விடுகிறவர்களை நான் அடிக்கடி சந்திக்கிறேன். நடித்தாராம், டைரக்ட் செய்தாராம், இசை அமைத்தாராம், வீணையும் வாசித்தாராம். ஒன்றிலேயே நின்றிருந்தால் இன்னும் உயர்ந்திருப்பாராம்!

இந்த அனுதாபம் எனக்குப் பிடிக்கவில்லை. இது அறிவு அல்ல, சோம்பல்.

1934இல் ‘சீதா கல்யாண’த்தில் சிறுவனாகத் திரையில் தோன்றியவர் அவர். 1948இல் ‘என் கணவர்’ படத்தை இயக்கியபோது வயது இருபத்தொன்று. 1954இல் ஏவி.எம். தயாரிப்பில் ‘அந்த நாள்’ வந்தது. ஜாவர் சீதாராமனின் திரைக்கதை. சிவாஜி கணேசன் தேசத் துரோகியாக நடித்தார். படத்தில் ஒரு பாட்டுக்கூடக் கிடையாது.

பாட்டை எடுத்தெறிந்தவர் யார்? சங்கீதம் தெரியாத மனிதரா? வீணையே மூச்சாக வாழ்ந்தவர்! பாட்டு இல்லாத இடத்தில் என்ன இருக்கவேண்டும் என்பது சங்கீதம் தெரிந்தவனுக்குத்தான் தெரியும். வீணைக்காரர் பாலசந்தர் இல்லையென்றால் டைரக்டர் பாலசந்தருக்கு அந்தத் துணிச்சல் வந்திருக்காது.

லண்டனில் பிறந்த சார்லி சாப்ளின் எழுதினார், நடித்தார், இயக்கினார், இசையும் அமைத்தார். பேசும் படம் வந்துவிட்ட பிறகு, 1931இல், பேசாத ‘சிட்டி லைட்ஸ்’ எடுத்தார். அவரை மேதை என்கிறோம். சரிதான். அதே காரியத்தை மயிலாப்பூர்க்காரர் செய்தால் ‘நிலையில்லாதவர்’! இது என்ன நியாயம்?

நான் இருப்பது திருத்தணிக்குப் பக்கத்தில், கே.ஜி. கண்டிகையில். ஆந்திர எல்லை அருகில். இங்கே ஒரே வாய் தமிழும் பேசும், தெலுங்கும் பேசும். “ஒரு பாஷையோடு நில்” என்று யாரும் யாரையும் அதட்டுவதில்லை. இரண்டும் தெரிந்தவனிடம்தான் சந்தையில் வழக்குத் தீர்க்கச் சொல்லுகிறோம்.

‘அந்த நாள்’ தேசிய விருதுகளில் நற்சான்றிதழ் பெற்றது. கொட்டகையில் காசு பார்க்கவில்லை. பத்து வருஷம் கழித்து, 1964இல், அவரே தயாரித்து இயக்கிய ‘பொம்மை’யில் பாட்டுகள் வந்துவிட்டன. அது தோல்விதான். ஆனால் யாருடைய தோல்வி? பாட்டில்லை என்று முகம் சுளித்த ரசிகனுக்கும், அந்தச் சுளிப்பைச் சட்டமாக்கிய வியாபாரிக்கும் அதில் பங்கில்லையா?

தச்சன் மரத்தை வெட்டத்தான் செய்தான். நல்ல கதவாகவும் இழைத்துக் கொடுத்தான். வீட்டில் மாட்ட மறுத்தவர்கள் நாம். இனியாவது பழமொழியை அவன் தலையில் கட்டாமல் இருப்போம்.